'சிவில் மேட்டர்' என்று சொல்லி அனுப்பாதீர்கள்

கணவர் இறந்து மூன்று ஆண்டுகள் கழித்து, அவரே சார்பதிவாளர் அலுவலகத்துக்கு வந்து கைநாட்டு வைத்துக் கிரயம் கொடுத்ததாகப் பத்திரம் சொல்கிறது. இறப்புச் சான்றையும் வில்லங்கச் சான்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் பள்ளிப் பிள்ளைகூடக் கண்டுபிடித்துவிடும். அந்த அம்மாவோடு நாங்கள் காவல் நிலையம் போனபோது, "இது சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போங்க" என்று மனு ரசீது கொடுத்து அனுப்பிவிட்டார்கள்.

ஆள்மாறாட்டமும் போலிப் பத்திரமும் எப்போது சிவில் ஆயின? சிவில் வழக்குப் போட வழி இருப்பதாலேயே குற்றம் குற்றமில்லாமல் போகாது என்று உச்ச நீதிமன்றம் பலமுறை சொல்லிவிட்டது.

அந்த நிலம் பஞ்சமி நிலம். 1892இல் ஆங்கிலேய அரசு நம் மக்களுக்கென ஒதுக்கிய வகை. பத்தாண்டுகளுக்கு விற்கக் கூடாது, பிறகு விற்றாலும் ஒடுக்கப்பட்ட வகுப்பாருக்கே விற்கலாம் என்பது நிபந்தனை. இதற்காகக் குரல் கொடுத்துத்தான் 1994இல் செங்கல்பட்டில் ஜான் தாமசும் ஏழுமலையும் துப்பாக்கிச் சூட்டில் உயிர்விட்டார்கள். (இப்போது நம் ஆள் ஒருவரையே பினாமியாக நிறுத்திப் பத்திரம் போடுவதும் நடக்கிறது. அதையும் மறைக்க வேண்டாம்.)

காவல் நிலையம் மறுத்தால் எஸ்.பி.க்கு மனு. அங்கும் நடக்காவிட்டால் பிரமாணப் பத்திரத்தோடு மாஜிஸ்திரேட்டிடம். பழைய சட்டத்தில் 156(3), 2024 ஜூலை முதல் பி.என்.எஸ்.எஸ். 175(3). புதிய பிரிவில், உத்தரவிடும் முன் காவல் அதிகாரி சொல்வதையும் கேட்க வேண்டும் என்று சேர்த்திருக்கிறார்கள். வழக்கே பதியாமல் விரட்டியவரிடம் விளக்கம் கேட்டால் என்ன சொல்வார்?

அந்த அம்மாவுக்கு உத்தரவு கிடைத்தது, வழக்கும் பதிவானது. ஆனால் வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தைச் சேர்க்கவில்லை. பட்டியல் சாதியினருக்கு ஒதுக்கிய நிலத்தை மற்றவர் அபகரிப்பதும் மாற்றிக்கொள்வதும் அச்சட்டத்தின் 3(1)(f), (g) பிரிவுகளில் குற்றம். சேர்த்திருந்தால் டி.எஸ்.பி. தகுதியுள்ளவர் விசாரித்து, 60 நாளில் குற்றப்பத்திரிகை போட வேண்டியிருக்கும். சேர்க்காததால், முதலில் திருப்பி அனுப்பிய அதே நிலையமே விசாரித்தது. எட்டு மாதம் கழித்து 'மிஸ்டேக் ஆஃப் ஃபேக்ட்' என்று முடித்துவிட்டது.

எங்களை அதிர வைத்தது இதற்கு அடுத்தது. வழக்கு முடிக்கப்பட்டதாக வந்த நோட்டீசில் அந்த அம்மா கையெழுத்துப் போட்டு வாங்கிப் பானைக்கு அடியில் வைத்திருந்தார். பேரன் கல்லூரியிலிருந்து வந்து எடுத்துப் படித்த பிறகே எங்களுக்குத் தெரிந்தது. புகார்தாரருக்குத் தெரிவிக்காமல் முடிப்பு அறிக்கையை ஏற்கக் கூடாது என்று 1985இல் பகவந்த் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதால்தான் அந்த நோட்டீசே வருகிறது. அது ஆட்சேபணை சொல்ல வரும் அழைப்பு. மாஜிஸ்திரேட் அறிக்கையை நிராகரிக்கலாம், மேல் விசாரணைக்கு உத்தரவிடலாம். ஆனால் வாங்குபவருக்கு அது 'கேஸ் முடிஞ்சுபோச்சு' என்ற சேதி. எத்தனை வீட்டுப் பானைகளுக்கு அடியில் இப்படிக் காகிதங்கள் கிடக்கின்றனவோ! மாணவர்களே, ஊருக்குப் போகும்போது வீட்டில் கேட்டுப் பாருங்கள்.

நீதிமன்றங்களிடமும் எங்களுக்குக் கேள்வி உண்டு. விசாரணை ஒழுங்காக நடக்கிறதா என்று கண்காணிக்க மாஜிஸ்திரேட்டுக்கு அதிகாரம் உண்டு என 2007இல் சாகிரி வாசு வழக்கிலேயே தீர்ப்பு வந்துவிட்டது. ஆனாலும் உத்தரவு போட்டதோடு கோப்பு மூடப்படுகிறது. மாதம் ஒருமுறை நிலை அறிக்கை கேட்டால் போதும். கைரேகையை ஒப்பிட அனுப்பினீர்களா, சாட்சிக் கையெழுத்துப் போட்டவர்களை விசாரித்தீர்களா என்ற இரண்டு கேள்விக்கே பாதி வழக்குகள் நகரும். இந்த வழக்கில் இரண்டும் நடக்கவில்லை.

ஆட்சேபணை மனுவில் அந்த இரண்டையும் முதலில் எழுதி, விடுபட்ட பிரிவுகளையும் கேட்டிருக்கிறோம். அடுத்த மாதம் வாய்தா. அதற்குள் நிலத்தைச் சுற்றிக் கல்லுக்கால் நடத் தொடங்கிவிட்டார்கள்.