எந்த உப்பு?

ரத்தம், சிறுநீர் இரண்டும் பார்த்து வாங்கிய தாள் என் சட்டைப்பையில் இருந்தது. திண்டிவனத்திலிருந்து மரக்காணம் திரும்பும் பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்த பெரியம்மா பாதி வழி வரை வாயே திறக்கவில்லை. அப்புறம் வெளியே பார்த்தபடி சொன்னார்: “நாப்பது வருசம் உப்புத் தண்ணியில நின்னேன் இல்ல? கால் வழியா ஏறிடுச்சிடா.”

பரிசோதனைக் கூடத்தில் தாளை நீட்டிய பெண் சொன்னது இவ்வளவுதான்: “யூரின்ல உப்பு போகுது. பிளட்லயும் உப்பு கொஞ்சம் ஏறியிருக்கு. டாக்டர்கிட்ட காட்டுங்க.” பின்னால் பத்துப் பேர் வரிசையில் நின்றார்கள். அவரைக் குறை சொல்ல மாட்டேன். தமிழ்நாட்டில் எல்லா ஊரிலும் இப்படித்தான் சொல்கிறார்கள், டாக்டர்கள் உட்பட.

அன்று ராத்திரியே பெரியம்மா வீட்டில் குழம்புக்கு உப்பு நின்றது. அதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. காலில் லேசாக வீக்கம் இருந்ததால் அது ‘உப்பு நீர்’ என்று பக்கத்து வீட்டில் யாரோ சொல்ல, தண்ணீர் குடிப்பதையும் குறைத்துவிட்டார். பங்குனி மாதம். அளத்தில் உப்பு வாரும் வேலை மும்முரமாக நடக்கும் காலம். பத்தாம் நாள் வரப்பிலேயே தலைசுற்றி உட்கார்ந்துவிட்டார் என்று போன் வந்தது.

தாளை அப்போதுதான் ஒழுங்காகப் படித்தேன். சிறுநீருக்கு நேரே ‘அல்புமின் ++’ என்று இருந்தது. ரத்தத்துக்கு நேரே ‘கிரியாட்டினின் 1.5’. அல்புமின் என்பது புரதம். கிரியாட்டினின் தசையின் கழிவு. இரண்டில் எதுவும் உப்பு அல்ல.

பத்தாம் வகுப்புப் பாடத்தை ஞாபகப்படுத்திக்கொள்ளுங்கள். அமிலமும் காரமும் சேர்ந்தால் உப்பும் நீரும். ரூவெல் என்ற பிரெஞ்சுக்காரர் 18ஆம் நூற்றாண்டின் நடுவில் இந்த வரையறைக்கு வழி போட்டார். இதன்படி சமையல் உப்பு அந்தக் குடும்பத்தில் ஒரு பிள்ளை மட்டுமே. மயில்துத்தம் உப்பு. துணிக்குப் போடும் சோடா உப்பு. குளிக்கிற சோப்புகூடக் கொழுப்பு அமிலத்தின் சோடியம் உப்புதான். நம் முன்னோர் அயனியைப் பற்றி அறியாதவர்கள், ஆனாலும் பெயர் வைத்ததில் பெரிதாகத் தப்பவில்லை. வெடியுப்பு பொட்டாசியம் நைட்ரேட், பேதியுப்பு மக்னீசியம் சல்பேட். இரண்டும் வேதியியலிலும் உப்பேதான். சிறுநீரைக் காய்ச்சி எடுக்கும் அமுரியுப்பு என்று ஒன்றும் சித்த மருத்துவத்தில் உண்டு. மூத்திரத்தில் உப்பு என்ற பேச்சுக்கு அப்படியொரு பழைய வேரும் இருக்கலாம்.

உப்பு என்பது ஒன்றல்ல, பல என்பதை மரக்காணத்து அளத்தில் வேலை செய்பவருக்கு வேதியியல் வாத்தியார் சொல்லித்தரத் தேவையில்லை. கடல் நீரில் நூற்றுக்கு மூன்றரைப் பங்கு உப்புகள். பாத்தி பாத்தியாக அதை நகர்த்தி வெயிலில் சுண்ட விடும்போது எல்லா உப்பும் ஒரே நேரத்தில் விழாது. முதலில் சுண்ணாம்புச் சத்து, அப்புறம் ஜிப்சம். நீரின் அடர்த்தியை அளக்கும் பாமே மானியில் 25 டிகிரி வந்த பிறகுதான் நாம் குழம்பில் போடுகிற உப்பு மணி கட்டும். 29, 30 டிகிரியைத் தாண்டவிட்டால் கெட்டது. மிச்சத் தண்ணீரில் மக்னீசியம் குளோரைடும் மக்னீசியம் சல்பேட்டும் பொட்டாசியமும் நிறைந்திருக்கும். அது உப்பில் ஏறினால் உப்பு கசக்கும், ஈரம் இழுத்துக் கசியும், வியாபாரி எடுக்கமாட்டான். அந்தக் கசப்புத் தண்ணீரில் இருப்பதில் ஒன்று மேலே சொன்ன அதே பேதியுப்புதான்.

பெரியம்மாவுக்கு டிகிரி பார்க்கும் கருவி வேண்டாம். பாத்தியின் மேல் படியும் மெல்லிய ஏட்டைப் பார்த்தே நாளைக்கு வாரலாமா, நாளன்றைக்கா என்று சொல்லிவிடுவார். ஒரு முறை என் உள்ளங்கையில் இரண்டு கல் உப்பை வைத்து நக்கிப் பார்க்கச் சொன்னார். ஒன்று நாக்கின் நுனியிலேயே கரித்து முடிந்தது. இன்னொன்று கொஞ்சம் கழித்து அடிநாக்கில் கசந்தது. “ஒரு நாள் பிந்தி வாரினது” என்றார். சிறுபாணாற்றுப்படை சொல்லும் எயிற்பட்டினம் இந்த மரக்காணம்தான் என்று சொல்லும் அறிஞர்கள் உண்டு. உமணரின் உப்பு வண்டிகளும் அந்தப் பாட்டில் வருகின்றன. அப்படிப்பட்ட ஊரில், உப்பிலிருந்து உப்பைப் பிரிக்கத் தெரிந்த ஒருவரிடம், உப்பே அல்லாத இரண்டைக் கொண்டுவந்து ‘உப்பு’ என்று சொல்லிவிட்டது மருத்துவம்.

அல்புமின் எப்படி உப்பானது என்பதற்கு என்னிடம் ஓர் ஊகம் உண்டு. கலர் மாறும் பட்டைக் குச்சிகள் வருவதற்கு முன்பு ஆரம்ப சுகாதார நிலையங்களில் கர்ப்பிணிகளின் சிறுநீரைக் காய்ச்சித்தான் பார்ப்பார்கள். கண்ணாடிக் குழாயில் முக்கால் பங்கு எடுத்து, ஸ்பிரிட் விளக்கில் மேல் பகுதியை மட்டும் சூடு காட்டுவார்கள். அல்புமின் இருந்தால் மேலே வெள்ளையாகத் திரியும். முட்டையை வேகவைத்தால் வெள்ளைக்கரு கெட்டிப்படுகிறதே, அதே சமாச்சாரம். லத்தீனில் வெண்மையைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்த பெயர்தான் அல்புமின். லண்டன் கைஸ் மருத்துவமனையின் ரிச்சர்ட் பிரைட் 1820களில் கரண்டியில் சிறுநீரை ஊற்றி மெழுகுவத்தியில் காய்ச்சிப் பார்த்துத்தான் சிறுநீரக நோயை அடையாளம் கண்டார். நம் ஊரில் அந்த வெள்ளையைப் பார்த்த யாரோ ‘உப்பு’ என்றிருக்க வேண்டும்.

இதில் வேடிக்கை அடுத்த படியில் இருக்கிறது. காய்ச்சியதும் வெளுப்பது பாஸ்பேட்டாகவும் இருக்கலாம் என்பதால் இரண்டு சொட்டு அசிட்டிக் அமிலம் விடுவார்கள். பாஸ்பேட் என்றால் கரைந்து தெளிந்துவிடும். அல்புமின் என்றால் வெள்ளை அப்படியே நிற்கும். அதாவது உண்மையான உப்பு மறைந்து போகிறது, போகாமல் நிற்கிற புரதத்துக்கு உப்பு என்று பெயர்.

அல்புமினைக் கல்லீரல் தயாரிக்கிறது. ரத்தத்தின் நீர், குழாய்களை விட்டுத் திசுக்களுக்குள் கசிந்துவிடாமல் பிடித்துவைப்பது அதன் முக்கிய வேலை. சிறுநீரகத்தின் வடிகட்டி நன்றாக இருந்தால் இவ்வளவு பெரிய மூலக்கூறு சிறுநீருக்கு அநேகமாக வரவே கூடாது. வருகிறது என்றால் சல்லடையில் ஓட்டை. சர்க்கரையோ ரத்த அழுத்தமோ பல வருடமாக அரித்த ஓட்டையாக அது பெரும்பாலும் இருக்கும். பெரியம்மாவுக்குப் பத்து வருடமாக பிரஷர்.

கிரியாட்டினினின் கதை வேறு. 1832இல் செவ்ரல் என்ற வேதியியலாளர் மாமிசச் சாற்றிலிருந்து ஒரு பொருளைப் பிரித்து, இறைச்சியைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லிலிருந்து கிரியாட்டின் என்று பெயரிட்டார். அது உடைந்து வரும் மிச்சம்தான் கிரியாட்டினின். அந்தப் பெயர் 1847இல் லீபிக் என்ற வேதியியலாளர் வைத்தது. நம் தசைகளில் உள்ள கிரியாட்டினில் நூற்றுக்கு ஒன்று, இரண்டு பங்கு தினமும் இப்படிக் கழிவாகிறது, சிறுநீரகம் அதை வெளியேற்றுகிறது. சிறுநீரகத்தால் முடியாமல் போனால் ரத்தத்தில் அளவு ஏறும். கிரியாட்டினின் ஏறுவதற்கும் நாம் சாப்பிட்ட உப்புக்கும் நேர்க் கணக்கு கிடையாது.

“அதனால் என்ன? உப்பைக் குறைப்பது நல்லதுதானே” என்று கேட்பீர்கள். நல்லதுதான். ஒரு நாளைக்கு 5 கிராமுக்குள் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் கணக்கு. சிறுநீரகக்காரர்களுக்கும் பிரஷர்காரர்களுக்கும் டாக்டரே குறைக்கத்தான் சொல்வார். தவறான பெயர் பாதி சரியான பத்தியத்தில் கொண்டுபோய் விடுகிறது. சிக்கல் மீதிப் பாதியில். ‘உப்பு ஏறிடுச்சு’ என்று கேட்டவர் கடையில் ‘சோடியம் குறைந்த உப்பு’ பாக்கெட்டைத் தேடி வாங்குகிறார். அதில் சோடியத்துக்குப் பதில் பொட்டாசியம் குளோரைடு கலந்திருக்கும். பழுதான சிறுநீரகத்தால் பொட்டாசியத்தைச் சரியாக வெளியேற்ற முடியாது, அது ரத்தத்தில் கூடினால் இதயத் துடிப்பே தடுமாறும். 2025 ஜனவரியில் இவ்வகை மாற்று உப்புகளுக்கு உலக சுகாதார நிறுவனம் வழிகாட்டுதல் வெளியிட்டபோது, சிறுநீரகப் பழுதுள்ளவர்களையும் கர்ப்பிணிகளையும் குழந்தைகளையும் விலக்கித்தான் சொன்னது. இன்னொரு கூட்டம் இந்துப்புக்கு மாறுகிறது. அதிலும் பெரும்பங்கு அதே சோடியம் குளோரைடு.

கர்ப்பிணி விஷயம் இதைவிட அவசரமானது. இருபது வாரத்துக்குப் பிறகு பிரஷர் 140/90ஐத் தொட்டு, சிறுநீரில் அல்புமினும் போனால் அது தாயின் உயிரோடும் பிள்ளையின் உயிரோடும் விளையாடும் நோய். ‘உப்பு நீர்தான், உப்பில்லாமல் சாப்பிடு, சரியாயிடும்’ என்று வீட்டில் வைத்துக்கொண்டால் வலிப்பு வரை போகும். உப்பைக் குறைத்து இந்த நோயைத் தடுக்க முயல்வதை உலக சுகாதார நிறுவனம் பரிந்துரைக்கவில்லை. பிரஷர் பார்க்கவும் சிகிச்சை எடுக்கவும் ஆஸ்பத்திரிக்குப் போவதே வழி.

பெரியம்மாவிடம் இதையெல்லாம் சுருக்கமாகச் சொன்னேன். முழுசாகக் கேட்டுவிட்டு, “அப்ப அளத்தால வரலேங்கிற?” என்றார். அங்கேதான் மாட்டிக்கொண்டேன்.

கால் வழியாக உப்பு ஏறவில்லை, அது நிச்சயம். ஆனால் சென்னை ஸ்ரீ ராமச்சந்திரா நிறுவனத்து ஆய்வாளர்கள் தமிழ்நாட்டின் 7 உப்பளங்களில் 352 தொழிலாளர்களைப் பரிசோதித்ததில், பெரும்பாலானவர்கள் அனுமதிக்கத்தக்க அளவுக்கு மேற்பட்ட வெப்பத்தில் வேலை செய்தார்கள். நூற்றில் 7 பேர் அளவுக்குச் சிறுநீரகம் வடிகட்டும் வேகம் குறைந்திருந்தது. மேலே வெயில், கீழே வெள்ளைப் பாத்தி திருப்பியடிக்கும் வெயில், வியர்வையில் போகும் நீருக்கு ஈடாகக் குடிக்க நீர் இல்லை. பெண்கள் இருப்பதையும் குடிப்பதில்லை, ஏனென்றால் கண்ணுக்கெட்டிய தூரம் ஒதுங்க மறைவு கிடையாது. பெரியம்மா காலை ஐந்து மணிக்கு ஒரு சொம்பு குடித்துவிட்டுப் போனால் மதியம் வீடு திரும்பித்தான் அடுத்த வாய். நாற்பது வருடம் இப்படி. அவருடைய சந்தேகம் பிழையில்லை, வழிதான் வேறு. உப்பு ஏறியதால் அல்ல, பிரஷரோடு தண்ணீர் இறங்காததும் சேர்ந்திருக்கலாம். அப்படிப்பட்டவரைத்தான் ‘உப்பு’ என்ற ஒற்றைச் சொல் இன்னும் கொஞ்சம் தண்ணீர் குறைக்க வைத்தது.

அரசு மருத்துவமனை டாக்டர் பிரஷர் மாத்திரையை மாற்றிக் கொடுத்தார். அளவாக உப்பு, தாகம் தீரத் தண்ணீர், வலிக்கு என்று கடையில் கண்ட மாத்திரை வாங்கக்கூடாது, மூன்று மாதத்துக்கு ஒரு முறை பரிசோதனை என்று பிரித்துப் பிரித்துச் சொன்னார். மாத்திரை அட்டையில் ‘அம்லோடிபின் பெசிலேட்’ என்று இருக்கிறது. பெசிலேட் என்பது ஓர் அமிலத்தோடு சேர்ந்து உண்டான உப்பு. மொத்தக் கதையிலும் வேதியியல் ஒத்துக்கொள்ளும் உப்பு, பெரியம்மா தின்ன மறுத்த கல்லுப்பும் இந்த மாத்திரையும்தான்.

பரிசோதனைக் கூடத்துத் தம்பி, தங்கைகளுக்கும் டாக்டர்களுக்கும் ஒரு வேண்டுகோள். சர்க்கரையைச் சர்க்கரை என்று சொல்வது சரி, அங்கே போவது உண்மையிலேயே சர்க்கரை. அல்புமினைப் புரதம் என்று சொல்லுங்கள், எங்களுக்குப் புரியும். கிரியாட்டினினைக் கிரியாட்டினின் என்றே சொல்லுங்கள். எம்எல்ஏ, ஜிஎஸ்டி எல்லாம் வாயில் நுழைந்த ஜனங்களுக்கு அது நுழையாதா? பெரியம்மா இப்போது ‘கிரட்டினி’ என்கிறார். போதும். தாள் வாங்கும் மற்றவர்களும், யாராவது ‘உப்பு இருக்கு’ என்றால் அங்கேயே நின்று எந்த உப்பு என்று கேளுங்கள். அல்புமினா, கிரியாட்டினினா, யூரியாவா, சோடியமா, பொட்டாசியமா என்று தாளின் பின்பக்கம் தமிழில் எழுதி வாங்கிக்கொண்டு நகருங்கள்.