இரண்டு ரூபாயில் எழுந்த திரை

1976-இல் வெளிவந்த ‘மந்தன்’ திரைப்படத்திற்கு எந்த முதலாளியும் பணம் போடவில்லை. குஜராத்தின் ஐந்து லட்சம் பால் உற்பத்தியாளர்கள் ஆளுக்கு இரண்டு ரூபாய் கொடுத்தனர். ஷியாம் பெனகல் இயக்கிய அப்படத்தில் ஏழைக் கிராமத்துப் பெண் பிந்துவாக வாழ்ந்து காட்டியவர் ஸ்மிதா பாட்டீல்.

1955-இல் புனேயில் பிறந்து, பம்பாய்த் தொலைக்காட்சியில் செய்தி வாசித்தவர் அவர். வெள்ளைத் தோலையே அழகென விற்ற இந்தித் திரையுலகில், அவரது மாநிறம் உழைக்கும் பெண்ணின் நிறமாயிற்று. ‘பூமிகா’, ‘சக்ரா’ படங்களுக்காக இருமுறை தேசிய விருது பெற்றார். ‘சக்ரா’வில் அவர் பம்பாய்க் குடிசைப் பகுதியின் தாய்.

‘நமக் ஹலால்’ போன்ற வணிகப் படங்களிலும் அவர் நடித்தார். அங்கே நாயகனுக்குத் துணையாக மழையில் ஆட வேண்டியிருந்தது. நடிகை அவரே, பணம் போட்டவர் வேறு.

பொதுத்துறையைச் சேர்ந்த தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகம் தயாரித்த ‘மிர்ச் மசாலா’வில், அதிகாரியின் இச்சைக்குப் பணிய மறுக்கும் சோன்பாய் மிளகாய் அரைக்கும் ஆலையில் அடைக்கலம் புகுகிறாள். இறுதியில் அங்கு உழைக்கும் பெண்கள் மிளகாய்த் தூளையே ஆயுதமாக்குகின்றனர். அப்படம் திரைக்கு வருமுன்பே, 1986 டிசம்பர் 13 அன்று, மகப்பேற்றுக்குப் பிந்தைய சிக்கல்களால் ஸ்மிதா மறைந்தார். அப்போது அவருக்கு வயது 31.

இன்று திரைத்துறை பெருநிறுவனங்களின் பிடியில் இருக்கிறது. திறமைமிக்க நடிகைகளுக்குப் பஞ்சமில்லை. உழைக்கும் பெண்ணின் கதைக்குப் பணம் தருவோர்தாம் இல்லை. கலைக்குப் பொது நிதி கோருவதும், மக்களின் கூட்டுறவில் படம் எடுப்பதும் பண்பாட்டுப் போராட்டத்தின் உடனடிக் கடமைகளாகும். அந்த இரண்டு ரூபாய் கற்பிக்கும் பாடம் இதுவே.