மூன்று வருட மந்திரி. முப்பது வருட வேலை!

கல்வி மந்திரி அவினாசிலிங்கம் செட்டியார் காட்டிய வழி

கன்னியாகுமரிக்கு வடகிழக்கே சுமார் 6 கிலோமீட்டர் தூரத்தில், கடலோரத்தில் இருக்கிறது வட்டக்கோட்டை. ஞாயிற்றுக்கிழமை குடும்பத்தோடு போய்க் காற்று வாங்க நல்ல இடம். சுவர் மேல் நின்றால் ஒரு பக்கம் கடல் தெரியும். மறு பக்கம் மலை தெரியும்.

கூட வரும் பிள்ளைகள் சும்மா இருப்பார்களா? "அப்பா, இந்தக் கோட்டையை யார் கட்டினார்கள்?" என்று கேட்பார்கள்.

திருவிதாங்கூர் ராஜா மார்த்தாண்டவர்மா காலத்தில் கருங்கல்லால் பலப்படுத்தப்பட்ட கோட்டை இது. அந்த வேலையை நடத்தியவர் டிலனாய். 1741-ம் ஆண்டு குளச்சல் சண்டையில் பிடிபட்ட டச்சுப் படைத் தலைவர் அவர். பிறகு அதே ராஜாவிடம் சேனாபதியாக இருந்தார்.

இந்தப் பதிலோடு பிள்ளைகள் விட்டுவிடுவார்களா? "டச்சுக்காரர் எந்த ஊர்? பீரங்கி எப்படிச் சுடும்? கடல் ஏன் உப்புக் கரிக்கிறது?" என்று கேட்டுக்கொண்டே போவார்கள். இத்தனைக்கும் தமிழிலேயே பதில் சொல்லும் புத்தகம் உண்டா?

உண்டு! அது உண்டாவதற்குக் காரணமாக இருந்தவர், சென்னை மாகாணத்தில் 3 வருடம் கல்வி மந்திரியாக இருந்த ஒருவர். அவர்தான் தி.சு.அவினாசிலிங்கம் செட்டியார்.

இப்போது ஏன் இந்தப் பேச்சு?

பள்ளிக்கூடம் யார் கையில் இருக்கவேண்டும் என்ற கேள்வி மறுபடியும் கிளம்பியிருக்கிறது. 2024-25-ம் ஆண்டுக்கு வரவேண்டிய 2 ஆயிரம் கோடி ரூபாய்க்கு மேற்பட்ட கல்வி நிதியை மத்திய சர்க்கார் நிறுத்திவிட்டது என்று தமிழ்நாடு புகார் செய்தது. புதிய தேசியக் கல்விக் கொள்கையோடு சேர்ந்த பள்ளித் திட்டத்தில் கையெழுத்துப் போடாததால் வந்த தகராறு இது. 2025 மே மாதம் தமிழ்நாடு சுப்ரீம் கோர்ட்டில் வழக்குப் போட்டது. ஆகஸ்டு 8-ந் தேதி தனக்கென்று ஒரு கல்விக் கொள்கையை வெளியிட்டது. இரு மொழிதான் என்று அதில் சொன்னது.

அதிகாரம் யாருக்கு என்ற வாதம் ஒரு புறம் இருக்கட்டும். அதிகாரம் கையில் இருந்தபோது ஒரு மந்திரி என்ன செய்தார்? அதைத் தெரிந்துகொண்டால், இன்றைய மந்திரிகளிடம் எதைக் கேட்கவேண்டும் என்று நமக்கு விளங்கும்.

திருப்பூரில் பிறந்தவர்

அவினாசிலிங்கம் 1903-ம் ஆண்டு மே 5-ந் தேதி திருப்பூரில் பிறந்தார். வசதியான குடும்பம். வக்கீலுக்குப் படித்தார். ஆனால் காந்தியடிகளின் வழியில் இறங்கினார். சுதந்திரப் போராட்டத்தில் பல முறை சிறை சென்றார்.

1930-ல் கோவையில் ராமகிருஷ்ண வித்தியாலயத்தை ஆரம்பித்தார். மாணவர்கள் அங்கேயே தங்கிப் படிப்பார்கள். ஏட்டுப் படிப்போடு கைத்தொழிலும் உண்டு. பின்னர் அது பெரியநாயக்கன்பாளையத்தில் பெரிய கல்வி நிலையமாக வளர்ந்தது. ஆக, மந்திரி ஆவதற்கு முன்பே 16 வருடம் பள்ளிக்கூடத்தின் நல்லது கெட்டதை அறிந்தவர் அவர்.

1946-ல் பிரகாசம் மந்திரிசபையில் கல்வி மந்திரி ஆனார். அடுத்து வந்த ஓமந்தூர் ராமசாமி ரெட்டியார் மந்திரிசபையிலும் அதே இலாகாவைப் பார்த்தார். 1949 வரை பதவியில் இருந்தார்.

உத்தரவு போட்டார், புத்தகமும் தேடினார்

அதுவரை உயர்நிலைப் பள்ளியில் இங்கிலீஷுக்கே முதல் மரியாதை. சரித்திரத்தையும் கணக்கையும்கூட இங்கிலீஷில் படித்து மனப்பாடம் செய்த காலம் அது. உயர்நிலைப் பள்ளிகளில் தமிழில் பாடம் நடத்த வழி செய்தவர் அவினாசிலிங்கம். திருக்குறளையும் பள்ளிப் பாடத்தில் சேர்த்தார்.

பாரதியார் பாடல்களின் உரிமை அப்போது தனியாரிடம் இருந்தது. 1949-ல் சர்க்கார் அதைப் பெற்றது. பிற்பாடு அந்தப் பாடல்கள் மக்கள் எல்லோருக்கும் பொதுச் சொத்தாயின. இன்று யார் வேண்டுமானாலும் பாரதியாரைப் பாடலாம், அச்சிடலாம். அந்த முயற்சியிலும் இவருக்குப் பெரிய பங்கு உண்டு.

"தமிழில் விஞ்ஞானம் சொல்ல முடியுமா? அதற்குப் புத்தகம் எங்கே?" என்று கேட்டவர்கள் உண்டு. அது தள்ளிவிடக்கூடிய கேள்வி அல்ல. உத்தரவு போட ஒரு நாள் போதும். புத்தகம் எழுத எத்தனையோ வருடம் வேண்டும்!

இதை அவினாசிலிங்கம் உணர்ந்திருந்தார். மந்திரியான 1946-ம் வருடமே தமிழ் வளர்ச்சிக் கழகத்தை உண்டாக்கினார். உலகத்து விஷயங்களை எல்லாம் அகர வரிசையில் தமிழில் சொல்லும் "கலைக்களஞ்சியம்" வெளியிடுவது என்று அந்தக் கழகம் முடிவு செய்தது. தலைமை ஆசிரியர் பொறுப்பு கவிஞர் பெரியசாமித் தூரனிடம் கொடுக்கப்பட்டது.

பதவி போனது, வேலை நிற்கவில்லை

1949-ல் மந்திரி பதவி போய்விட்டது. பதவி போனதும் பழைய திட்டத்தை மறந்துவிடுகிறவர்கள் உண்டு. அவினாசிலிங்கம் அப்படி இருக்கவில்லை. நன்கொடை திரட்டினார். சர்க்கார்களின் உதவியைக் கேட்டு வாங்கினார். நூற்றுக்கணக்கான அறிஞர்கள் கட்டுரை எழுதினார்கள்.

1954-ல் முதல் தொகுதி வந்தது. 1968-ல் பத்தாவது தொகுதியும் வந்து வேலை நிறைவேறியது. அதோடு விட்டார்களா? சிறுவர்களுக்கென்று தனியாகக் "குழந்தைகள் கலைக்களஞ்சியம்" தொடங்கினார்கள். அதிலும் 10 தொகுதிகள். கடைசித் தொகுதி 1976-ல் வந்தது. மந்திரியாக இருந்தது 3 வருடம். தொடங்கிய வேலை முடிய ஆனது 30 வருடம்!

இதற்கிடையே பாராளுமன்றத்தின் இரு சபைகளிலும் உறுப்பினராக இருந்தார். 1957-ல் கோவையில் பெண்களுக்காக மனையியல் கல்லூரி தொடங்கினார். அது இன்று நிகர்நிலைப் பல்கலைக்கழகமாக இருக்கிறது. 1991-ல் காலமானார்.

வீட்டு வரியில் ஒரு சிறு பங்கு

அவர் காலத்தில் வந்த இன்னொரு சட்டம் ஒவ்வொரு குடும்பத்தையும் தொடுகிறது. 1948-ல் சென்னை மாகாணம் பொது நூலகச் சட்டத்தை நிறைவேற்றியது. சுதந்திர இந்தியாவில் இதுவே முதல் நூலகச் சட்டம். நூலக மேதை எஸ்.ஆர்.ரங்கநாதன் இதற்காகப் பல வருடம் பாடுபட்டார்.

சட்டத்தின் சாரம் எளிது. நாம் கட்டும் வீட்டு வரியோடு சிறு தொகை நூலக வரியாகச் சேரும். அந்தப் பணம் நூலகத்துக்குப் போகும். ஊர் நூலகம் யாரோ தரும் தருமம் அல்ல. வரி கட்டும் ஒவ்வொருவருக்கும் அதில் பாத்தியதை உண்டு. புதிதாக எழுத்துக் கூட்டிப் படிக்கக் கற்றவர்களும் அங்கே போய்க் கூச்சமில்லாமல் உட்காரலாம்.

எல்லை தாண்டிய புத்தகம்

அவினாசிலிங்கம் மந்திரியாக இருந்தபோது வட்டக்கோட்டை சென்னை மாகாணத்தில் இல்லை. அது திருவிதாங்கூரைச் சேர்ந்த பூமி. சென்னை மந்திரியின் உத்தரவு நாஞ்சில் நாட்டில் செல்லாது. தமிழர்கள் போராடினார்கள். உயிர்ப்பலியும் நேர்ந்தது. 1956 நவம்பர் 1-ந் தேதிதான் தோவாளை, அகஸ்தீசுவரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய 4 தாலுகாக்களும் தாய்த் தமிழகத்தோடு சேர்ந்தன.

ஆனால் கலைக்களஞ்சியத்தின் முதல் தொகுதி அதற்கு 2 வருடம் முன்பே வந்துவிட்டது! உத்தரவு எல்லையில் நின்றுவிடும். புத்தகம் எல்லை தாண்டிப் போகும். தமிழ் படிக்கத் தெரிந்த எவருக்கும் அது சொந்தம். இலங்கையில் இருந்தாலும் சரி, மலேயாவில் இருந்தாலும் சரி.

அதிகாரம் மாறியது எப்படி?

அந்த நாளில் கல்வி முழுவதும் மாகாணத்தின் பொறுப்பு. அவசர நிலைக் காலத்தில், 1976-ல் நிறைவேறிய 42-வது அரசியல் சட்டத் திருத்தம் அதை மாற்றியது. மத்திய சர்க்கார், மாநில சர்க்கார் இரண்டுக்கும் பொதுவான பட்டியலுக்குக் கல்வி போய்விட்டது. இன்றைய சண்டைக்கு விதை அங்கேதான் இருக்கிறது.

ஜெர்மனியில் வேறு ஏற்பாடு. அங்கே 16 மாநிலங்கள். பள்ளிக்கூடம் மாநிலத்தின் பொறுப்பு. மாநிலக் கல்வி மந்திரிகள் 1948 முதல் ஒன்றாகக் கூடிப் பேசி, பொதுவான விஷயங்களைத் தங்களுக்குள்ளே முடிவு செய்கிறார்கள். மாநிலங்களிடம் கல்வியை விட்டதால் அந்த நாடு சிதறிப் போய்விடவில்லை.

நாம் கேட்கவேண்டியது

மாநிலத்துக்கு அதிகாரம் வேண்டும் என்று கேட்பது நியாயம். அந்த அதிகாரத்தால் குழந்தையின் கைக்கு என்ன வரும் என்று கேட்பதும் நியாயம். தமிழ் வாழ்க என்று மேடையில் முழங்கினால் போதாது. தமிழில் படித்த பிள்ளை மேற்கொண்டு படிக்கப் புத்தகம் வேண்டும். அது இல்லாவிட்டால், தாய் தகப்பன் பிள்ளையை இங்கிலீஷ் பள்ளிக்கு அனுப்புவதைக் குறை சொல்ல முடியாது.

கலைக்களஞ்சியத்தின் முதல் தொகுதி வந்தபோது மனிதன் சந்திரனில் கால் வைக்கவில்லை. கம்ப்யூட்டர் நம் ஊருக்கு வரவில்லை. பிறகு தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகம் வாழ்வியலுக்கும் அறிவியலுக்கும் தனித்தனிக் களஞ்சியங்கள் வெளியிட்டது. பழைய கலைக்களஞ்சியத்தை இன்று இணையத்தில் காசில்லாமல் படிக்கலாம். ஆனால் அறிவு நாளுக்கு நாள் வளருகிறது. புத்தகமும் கூடவே வளரவேண்டும்.

ஆகவே, ஓட்டுக் கேட்டு வருகிறவர்களிடம் இரண்டு கேள்வி கேளுங்கள். "எங்கள் ஊர் நூலகத்துக்குப் புதுப் புத்தகம் எப்போது வரும்? பதவி போன பிறகும் பாதியில் விடாமல் செய்ய உங்களிடம் என்ன வேலை இருக்கிறது?"

இரண்டாவது கேள்விக்கு 30 வருடம் உழைத்துப் பதில் சொன்னவர் அவினாசிலிங்கம்.