ஊரில் ஒரு தாலி, கலூரில் ஒரு தாலி

பிழைக்க வந்த கலூரில் நம்மவர் சிலருக்கு இரண்டாவதாக ஒரு குடும்பம் உண்டு. இதை நாம் ஜாடைமாடையாகப் பேசுவோம். சங்கக் கூட்டத்தில் பேச மாட்டோம். ஆள் இறந்த பிறகுதான் பிணத்தருகே பேச்சு வெடிக்கிறது.

1955ஆம் ஆண்டின் இந்து திருமணச் சட்டப்படி, முதல் மனைவி உயிரோடிருக்க, விவாகரத்து பெறாமல் கட்டிய இரண்டாம் தாலி செல்லாது. கோவிலில் கட்டினாலும் சரி, மூத்தவளே சம்மதித்தாலும் சரி. ஆனால் பிள்ளைகள்? அதே சட்டத்தின் 16ஆவது பிரிவு அவர்களை முறையான பிள்ளைகள் என்கிறது. தகப்பன் சொத்தில் பங்குண்டு. பூர்வீகச் சொத்தில் தகப்பனுக்கு விழும் பாகத்திலும் உண்டென்று 2023 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

கணக்கைப் பாருங்கள். தாயை இழந்த ஒருவர் உயில் எழுதாமல் இறக்கிறார். ஊரில் மனைவியும் ஒரு மகனும். இங்கே ஒருத்தியும் இரு மகள்களும். அவர் சம்பாதித்து வாங்கிய நிலம் நான்கு சம பங்காகும்: ஊரிலுள்ள மனைவிக்கு ஒன்று, பிள்ளைகள் மூவருக்கும் ஆளுக்கு ஒன்று. இருபது வருஷம் இங்கே கஞ்சி காய்ச்சி ஊற்றியவளுக்கு? ஒன்றுமில்லை!

ஊரில் காத்திருப்பவளின் பங்கில் கை வைக்க நாம் ஒருநாளும் சம்மதியோம். ஆயினும் உண்மையை மறைத்துக் கட்டப்பட்டவளும் நம் சகோதரிதானே? சுய சம்பாத்தியத்தை அவளுக்கு உயில் எழுதச் சட்டத்தில் தடையில்லை. இரண்டு சாட்சிகள் கையெழுத்திட வேண்டும். பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழில் தகப்பன் பெயர் இருக்கிறதா என்று இன்றே பாருங்கள். பெண் கொடுக்குமுன் மாப்பிள்ளையின் ஊருக்கு ஒரு நடை போய் விசாரியுங்கள்; பஸ் கட்டணம் பெரிதல்ல.