பட்டா மனு நகரவே இல்லையா? ஹைகோர்ட் என்ன செய்யும், என்ன செய்யாது?

அப்பா இறந்து இரண்டு வருடம் ஆகிவிட்டது. வாரிசுச் சான்றிதழ் கையில் இருக்கிறது. இ-சேவை மையத்தில் பட்டா மாறுதலுக்கு விண்ணப்பித்து, ஒப்புகைச் சீட்டையும் பத்திரமாக வைத்திருக்கிறீர்கள். ஆனால் மனு இன்னும் நிலுவையில்தான். வி.ஏ.ஓ-விடம் கேட்டால் 'சர்வேயரைப் பாருங்க' என்கிறார். சர்வேயரோ 'ஃபைல் தாலுகா ஆபீஸ்ல இருக்கே' என்கிறார். சென்னையில் வேலை பார்க்கிறவர் இதற்காக எத்தனை நாள் லீவு போடுவது?

இந்தக் கட்டத்தில் யாராவது சொல்வார்கள்: 'ஹைகோர்ட்ல ஒரு ரிட் போடுங்க, பட்டா தானா வந்துடும்.' அது பாதி உண்மைதான்.

சட்டப்படி செய்ய வேண்டிய வேலையை ஓர் அதிகாரி செய்யாமல் இருந்தால், 'செய்' என்று உத்தரவிடும் அதிகாரத்தை அரசியலமைப்புச் சட்டத்தின் 226-வது பிரிவு உயர் நீதிமன்றத்துக்குத் தருகிறது. மாண்டமஸ் என்பது இதுதான். பட்டா வழக்குகளில் வழக்கமாக வரும் உத்தரவு என்ன தெரியுமா? 'விண்ணப்பத்தை இத்தனை வாரத்துக்குள், சம்பந்தப்பட்டவர்களை விசாரித்து, சட்டப்படி முடிவு செய்யுங்கள்.' 'பட்டா கொடு' என்று அதில் இருக்காது, 'முடிவெடு' என்றுதான் இருக்கும். அந்த முடிவு நிராகரிப்பாகவும் இருக்கலாம்.

அப்புறம் எதுக்கு கோர்ட்டுக்குப் போகணும்? என்னைக் கேட்டால், நிராகரிப்பைவிட மோசமானது மௌனம். 1983-ம் ஆண்டு தமிழ்நாடு பட்டா பாஸ் புத்தகச் சட்டப்படி, தாசில்தார் உத்தரவு பிடிக்கவில்லை என்றால் ஆர்.டி.ஓ-விடம் மேல்முறையீடு செய்யலாம். அதற்கும் மேலே டி.ஆர்.ஓ-விடம் சீராய்வு இருக்கிறது. ஆனால் உத்தரவே போடாவிட்டால் எதை எதிர்த்து மேல்முறையீடு செய்வது? ஒரு ஃபைல் மேஜையில் தூங்கினால், சட்டம் தந்த அத்தனை கதவுகளும் சேர்ந்து அடைபடுகின்றன. மாண்டமஸ் திறப்பது அந்த முதல் கதவைத்தான்.

நேராக கோர்ட்டுக்கு ஓடவும் முடியாது. 'கேட்டேன், செய்யவில்லை' என்று காட்ட வேண்டும். அதனால் தாசில்தாருக்கு எழுத்தில் ஒரு நினைவூட்டல் கொடுங்கள், அதற்கு ஒப்புகையும் வாங்குங்கள். கூடவே 10 ரூபாய் கட்டணத்தில் ஓர் ஆர்.டி.ஐ மனு: என் விண்ணப்பம் இப்போது யாரிடம் இருக்கிறது, எந்தத் தேதியில் என்ன நடவடிக்கை எடுக்கப்பட்டது? 30 நாளில் பதில் தர வேண்டும். சில ஃபைல்கள் இந்தக் கேள்விக்கே நகர்ந்துவிடும்!

குடும்பத்துக்குள் தகராறு என்றால் கதை வேறு. அக்கா, தங்கை பெயரை விட்டுவிட்டு விண்ணப்பித்து, அவர்கள் ஆட்சேபம் கொடுத்திருந்தால், அந்தத் தாமதத்துக்கு அதிகாரியைத் திட்டிப் பயனில்லை. பங்கு யாருக்கு எவ்வளவு என்பதை சிவில் கோர்ட்தான் தீர்மானிக்கும். வருவாய்ப் பதிவில் பெயர் மாறுவதால் மட்டும் யாருக்கும் உரிமை வந்துவிடாது, போய்விடவும் செய்யாது என்று உச்ச நீதிமன்றம் பலமுறை சொல்லியிருக்கிறது.

ஹைகோர்ட் கொடுத்த கெடுவும் தாண்டினால்? நீதிமன்ற அவமதிப்பு மனு போடலாம். ஒரு வருடத்துக்குள் போட வேண்டும், இதைப் பலர் கோட்டை விடுகிறார்கள்.

ஆனால் எனக்கு உறுத்துவது வேறு. நாலு சென்ட் நிலத்துக்காக ஒரு கிராமத்து அம்மா வக்கீல் ஃபீஸ் கட்டி, சென்னைக்கோ மதுரைக்கோ வந்து, 'ஒரு கையெழுத்து போடச் சொல்லுங்க' என்று நீதிபதியிடம் கேட்க வேண்டுமா? காலக்கெடு தாண்டினால் தாசில்தார் எழுத்தில் காரணம் சொல்லியாக வேண்டும், சொல்லாவிட்டால் அதையே நிராகரிப்பாக எடுத்துக்கொண்டு ஆர்.டி.ஓ-விடம் போகலாம் என்று ஒரு விதி போதும். அதைச் சட்டசபையிலேயே செய்யலாம், ஹைகோர்ட் வரை வர வேண்டியதில்லை.