மன அழுத்தம் எங்கே போகிறது?

மின்சிகரெட் புகைக்கும் இளையர்கள் சிலரிடம் காரணம் கேட்டால், “இழுத்தால் மன அழுத்தம் குறைகிறது” என்பார்கள். பெரியவர்கள் பலர் இதைப் பொய்யென்று ஒதுக்கிவிடுகின்றனர். அது சரியன்று. புகைப்பவருக்கு உண்மையாகவே ஓர் அமைதி தோன்றுகிறது. அது எங்கிருந்து வருகிறது என்பதுதான் கேட்க வேண்டிய கேள்வி.

நுரையீரலுக்குள் சென்ற நிக்கோட்டின் சுமார் 10 விநாடிகளில் மூளையை எட்டிவிடும். மூளையின் நரம்பணுக்களில் அசிட்டைல்கோலின் என்ற இயற்கை வேதிப்பொருளுக்காக அமைந்த ஏற்பிகள் உள்ளன. கள்ளச்சாவி பூட்டில் பொருந்துவதுபோல நிக்கோட்டின் அவற்றில் பொருந்திக்கொள்கிறது. உடனே டோபமைன் வெளிப்பட்டு இன்பம் தருகிறது. இது நாள்தோறும் தொடர்ந்தால் ஏற்பிகளின் எண்ணிக்கை கூடிவிடும். இரத்தத்தில் உள்ள நிக்கோட்டினோ ஏறக்குறைய 2 மணி நேரத்தில் பாதியாகக் குறைந்துவிடும். அப்போது எரிச்சலும் பதற்றமும் தலைதூக்கும். பாடத்தில் மனம் ஒன்றாது. மீண்டும் இழுத்தால் அவை அடங்கும். கடனை அடைக்கப் புதிய கடன் வாங்கியவரின் நிம்மதி இது. தேர்வு தந்த அழுத்தம் அப்படியேதான் இருக்கிறது.

“நினைத்தால் விட்டுவிடுவேன்” என்பதும் அடிக்கடி கேட்கும் பேச்சு. ஆனால், விளைவை எண்ணிப் பார்த்து ஆசையைத் தடுக்கும் மூளையின் முன்பகுதி சுமார் 25 வயதுவரை வளர்ந்துகொண்டிருக்கிறது. அதனால்தான் பதின்ம வயதில் தொடங்குபவரைப் பழக்கம் எளிதில் பிடித்துக்கொள்கிறது.

சில மின்சிகரெட்டுகளில் எட்டோமிடேட் கலந்திருந்ததும் கண்டுபிடிக்கப்பட்டுள்ளது. அது, அறுவைச் சிகிச்சைக்கு முன் நோயாளியை மயக்கமடையச் செய்ய மருத்துவர்கள் ஊசிவழி செலுத்தும் மருந்து. அவர்கள்கூட மூச்சையும் இதயத்துடிப்பையும் கண்காணித்தபடியே அதைக் கொடுக்கின்றனர். கள்ளச்சந்தையில் வாங்கிய கருவிக்குள் எவ்வளவு கலந்துள்ளது என்று யார் அளந்து பார்த்தார்கள்?

சிங்கப்பூரில் 2018 பிப்ரவரி முதல் மின்சிகரெட்டை வைத்திருப்பதே குற்றம். 2025 செப்டம்பர் 1 முதல் எட்டோமிடேட் ‘சி’ பிரிவுப் போதைப்பொருளாகவும் பட்டியலிடப்பட்டது. சட்டம் தேவைதான். எனினும், அபராதத்தை மட்டுமே பேசினால், சிக்கிக்கொண்ட மாணவர் இன்னும் மறைவாகப் புகைப்பார், அவ்வளவே. பழக்கத்தை விட உதவி நாடித் தாமாகவே முன்வருபவருக்குத் தண்டனை இல்லை என்பதையும் அதே அளவுக்கு எடுத்துச் சொல்ல வேண்டும். விட்டபின் முதல் சில நாள்களே மிகக் கடினமானவை. அதன் பிறகு, கூடிப்போன ஏற்பிகள் சில வாரங்களில் பழைய அளவுக்குத் திரும்பத் தொடங்குகின்றன.