மைக்கறையில் மனத்தைக் காணலாமா?

முகக்குறிப்பால் அகத்தை அறிதல் அரியதொரு கலை. ‘குறிப்பறிதல்’ என்னும் பெயரில் திருவள்ளுவர் இரண்டு அதிகாரங்கள் வகுத்தமையே அதன் அருமையைப் புலப்படுத்தும். இருபதாம் நூற்றாண்டின் உளவியலார் சிலரோ, அகத்தை அறியப் படத்தைத் துணைக்கொண்டனர்.

சுவிட்சர்லாந்து நாட்டு மனநல மருத்துவர் ஹெர்மன் ரோர்ஷாக், 1921ஆம் ஆண்டில் பத்து மைக்கறைப் படங்களைத் தம் நூலுடன் வெளியிட்டார். அவற்றுள் ஐந்து கருமையும் சாம்பலும் கொண்டவை. இரண்டில் செந்நிறமும் சேரும். எஞ்சிய மூன்றும் பல நிறத்தன. ‘இஃது என்னவாகத் தோன்றுகிறது?’ என்பதே வினா. ஒருவர் வௌவால் என்பார். மற்றொருவர் வண்ணத்துப்பூச்சி என்பார். எதைக் கண்டார் என்பதினும் எவ்வாறு கண்டார் என்பதையே ரோர்ஷாக் பெரிதாகக் கருதினார். முழுமையை நோக்கினாரா, பகுதியையா? வடிவம் ஈர்த்ததா, நிறமா? இவையே அவர் ஆய்ந்தவை. மறு ஆண்டே, தம் 37ஆம் வயதில் அவர் மறைந்தார்.

பின்னர் 1935இல், ஹார்வர்டு பல்கலைக்கழகத்தைச் சார்ந்த கிறிஸ்டியானா மார்கனும் ஹென்றி மர்ரேயும், படத்தைக் காட்டிக் கதை சொல்லச் செய்யும் முறையை அறிவித்தனர். 1943இல் வெளிவந்த தொகுப்பில் 31 அட்டைகள். அவற்றுள் ஒன்றில் படமே இல்லை!

தெளிவற்ற ஒன்றிற்குப் பொருள் காண்பவர் தம் உள்ளத்தையே அதில் ஏற்றிக் காண்கிறார் என்பது இம்முறைகளின் அடிப்படை. இக்கருத்து ஏற்கத்தக்கதே. ஆயின், அவர் கூறும் விடைக்குப் பொருள் உரைப்பவர் மட்டும் இதற்கு விலக்கோ?

அமெரிக்க உளவியலாளரான லோரன் சாப்மன், ஜீன் சாப்மன் இணையர் 1967இல் இவ்வினாவிற்கு விடை கண்டனர். நோயாளர் வரைந்த மனித உருவங்களையும் நோய்க்குறிப்புகளையும், ஒன்றற்கொன்று தொடர்பில்லாதவாறு இணைத்து மாணவர்க்குக் காட்டினர். மாணவரோ, இல்லாத தொடர்பைக் கண்டனர்! கண்களை விந்தையாக வரைந்தவர் ஐயுறும் இயல்பினர் என்றனர். தேர்ந்த உளவியலார் பலரும் கொண்டிருந்த நம்பிக்கை அதுவே. படம் வரைந்தவர் மனத்தை அன்று; தம் எதிர்பார்ப்பையே அவர்கள் படித்தனர்.

அதனால் இச்சோதனைகள் யாவும் வீண் என்று தள்ளுதல் முறையாகாது. ரோர்ஷாக் முறைபற்றிய ஆய்வுகளைத் தொகுத்து 2013இல் வெளிவந்த மதிப்பீடு, சிந்தனைக் குழப்பத்தை இனங்காண்பதில் அதற்கு வலுவான சான்று உண்டு என்றது. வேறு சில அளவைகளுக்குச் சான்று குறைவு என்றும் காட்டியது. எனவே, கருவி எதற்குப் பயன்படுமோ அதற்கே அதனைப் பயன்படுத்தல் வேண்டும்.

ஆசிரியராகிய நமக்கும் இதில் பாடம் உண்டு. கடைசி இருக்கையின் மௌனத்தைக் கண்டு சோம்பல் என்கிறோம். கட்டுரை ஒன்றில் இருளைக் கண்டு நம்பிக்கையற்றவர் என்கிறோம். அம்மாணவரை அழைத்து ஒரு சொல் கேட்டோமா? ஒரு கறையைக் கொண்டு ஓர் உயிரை எடைபோடுதல் அறமன்று. பிறர் மனத்தைப் படிக்கப் புகுமுன், நம் கண்ணில் படிந்துள்ள மையைத் துடைத்துக் கொள்வோமாக!